மங்கு சாப்பிட்டானா?

முனி, பேய், காத்துக்கருப்பு என்று யாராவது பேச்சை எடுத்தால் எழுந்து போய்ப் பாத்திரம் விளக்குகிற ஆள் நான். பிறந்த ஊர் தேவாரம். சின்ன வயதில் ஒரு நாள், மலையடித் தோட்டத்தில் கறுப்பாக மதில் மாதிரி முனி நிற்கிறது என்று எங்கள் தெருவே கதவைச் சாத்திக்கொண்டு கிடந்தது. விடிந்து போய்ப் பார்த்தால் பாதி வாழையைக் காணோம், வரப்பெல்லாம் யானை லத்தி. "முனி வாழைத்தாரெல்லாம் திங்குமாப்பா?" என்று கேட்டு அப்பாவிடம் அடி வாங்கியவள் நான். அப்படிப்பட்டவள்தான் இதைச் சொல்கிறேன். நீங்கள் நம்ப மாட்டீர்கள், சிரிப்பீர்கள், தெரியும். சிரியுங்கள், ஆனால் முழுசாகக் கேட்டுவிட்டுச் சிரியுங்கள். பாதியில் நிறுத்தினால் என்ன ஆகும் என்பதுதான் நான் சொல்ல வந்ததே.

என் வீட்டுக்காரர் பெயர் ராமர், வீட்டில் ராமு. அவருக்குப் பின்னாலேயே பிறந்த தம்பி லட்சுமணன், லச்சு. ரெட்டைப் பிள்ளைகள். போடிக்கு வாக்கப்பட்டு வந்த புதிதில் எனக்கு அது பெரிய தொல்லை. முதுகுப்பக்கம் பார்த்தால் யாரென்று தெரியாது, எதிரே வந்து சிரித்தாலும் தெரியாது. லச்சுவுக்கு இடது முழங்கைக்குக் கீழே ஒரு தீத்தழும்பு உண்டு, குரங்கணிக்கு மேலே ஒரு ஏலத்தோட்டத்தில் காய் உலர்த்துகிற ஸ்டோரில் அவன் வேலை பார்த்தான், அங்கே சூட்டுக்குழாயில் பட்டது. அதை வைத்துத்தான் ஆளைப் பிரிப்பேன். தண்ணீர் கொடுத்தால்கூட முதலில் கையைப் பார்த்துவிட்டு அப்புறம்தான் முகத்தைப் பார்ப்பேன். அதற்கும் மேலே ஒரு அடையாளம் இருந்தது. வாயைத் திறந்தால் என்னை அவர் "செல்வி" என்பார், லச்சு "மதினி" என்பான். ஒரு மதினி வராமல் அவனுக்கு ஒரு பேச்சு முடியாது.

அந்த வீட்டில் ரெட்டைக்கு என்று ஒரு தனிச் சட்டமே இருந்தது. எது எடுத்தாலும் ரெண்டாக எடுக்க வேண்டும், ஒரே நிறத்தில். ஒருத்தனுக்குக் காய்ச்சல் என்றால் கசாயம் ரெண்டு பேருக்கும். ஆனால் சோற்று விஷயத்தில் மட்டும் அந்தச் சட்டம் பலிக்கவில்லை. என் மாமியார், இப்போது அவர் இல்லை, வேலை அவசரத்தில் ஒருத்தனுக்கே ரெண்டு தடவை சோறு போட்டுவிடுவாராம். மற்றவன் வந்து தட்டை எடுத்தால், "இப்பத்தானடா தின்ன, வகுறா தாழியா?" என்று விரட்டிவிடுவாராம். ரெண்டு தடவையும் தின்றது எப்போதும் என் வீட்டுக்காரர்தான். கூப்பிட்டால் வாயைத் திறக்காமல் வந்து உட்கார்ந்துவிடுவாராம். "மதினி, இவன் ஒடம்புல பாதி என் சோறு" என்று லச்சு அவர் தொப்பையைத் தட்டுவான். இன்றைக்கும் அவர் அப்படித்தான், தின்றுவிட்டு வந்திருந்தாலும் தட்டை வைத்தால் வேண்டாம் என்று சொல்லத் தெரியாது.

அவர்கள் பள்ளிக்கூடம் படித்த நாளில் ஞாயிற்றுக்கிழமை டி.வி.யில் சங்கு மங்கு என்று ஒரு பிள்ளைகள் தொடர் வருமாம். எந்தத் தேசத்துப் படமோ, தமிழ் பேச வைத்திருந்தார்கள். செம்பட்டைத் தலையோடு ரெட்டைப் பையன்கள், ரெண்டு பேருக்கும் ஒரே ஆள்தான் குரல், அவர்கள் எது சொன்னாலும் பின்னால் கண்ணுக்குத் தெரியாத ஒரு கூட்டம் சிரிக்கும். ஒரு வாரம் வந்த கதை என்னவென்றால், அம்மாக்காரி ஆள் தெரியாமல் சங்குவுக்கே ரெண்டு தடவை சாப்பாடு போட்டுவிடுகிறாள், மங்கு நாளெல்லாம் பசியோடு அலைகிறான். நம்ம வீட்டுக் கதை எப்படிடா டி.வி.க்குப் போச்சு என்று அண்ணனும் தம்பியும் வாயைப் பிளந்து பார்த்திருக்கிறார்கள். கடைசியில் மங்கு சமையல்கட்டு வாசலில் வந்து நிற்கிறான், அம்மா திரும்புகிறாள், டப்பென்று கரண்டு போய்விட்டது. கரண்டு திரும்பி வரும்போது வேறு ஏதோ ஓடிக்கொண்டிருந்ததாம்.

அன்றைக்கு ஆரம்பித்த வழக்கு முடியவே இல்லை. சங்கு தன் சாப்பாட்டை ஒளித்துக் கொண்டுவந்து தம்பிக்குக் கொடுத்திருப்பான் என்பது என் வீட்டுக்காரர் கட்சி. அம்மாவே கண்டுபிடித்துப் போட்டிருப்பாள், பெத்தவளுக்குத் தெரியாதா என்பது லச்சு கட்சி. மீசை வைத்த ஆண்கள் ரெண்டு பேர், மலையிலிருந்து லச்சு இறங்கி வருகிற போதெல்லாம், மங்கு சாப்பிட்டானா இல்லையா என்று என் வீட்டில் உட்கார்ந்து சண்டை போடுவார்கள். என்னைக்காவது அந்தப் படம் அகப்பட்டால் சேர்ந்துதான் பார்க்கணும், ஒருத்தன் மட்டும் பார்க்கக் கூடாது என்று ஒப்பந்தம் வேறு. நான் தலையில் அடித்துக்கொள்வேன்.

போன வருஷத்துக்கு முந்தின வருஷம் லச்சு போய்விட்டான். மழைக்கு முன்னால் ஏலத்தோட்டத்தில் நிழல் மரங்களின் கிளையைக் கழிப்பார்கள், அது அவன் வேலையே இல்லை, ஏறுகிற ஆள் அன்றைக்கு வரவில்லை என்று இவன் ஏறியிருக்கிறான். கால் வழுக்கிவிட்டது. கீழே கொண்டுவந்தது என் வீட்டுக்காரர் ஓட்டுகிற ஜீப்பில்தான். அதைப் பற்றி அவரும் பேச மாட்டார், நானும் கேட்டதில்லை. மூணாரில் ஒரே மாதிரி வாங்கின ரெண்டு மெரூன் ஸ்வெட்டரில் ஒன்றை லச்சுவுக்குப் போட்டுத்தான் அனுப்பிவைத்தோம். இன்னொன்றை இவர் குளிரோ வெயிலோ, தினமும் போட்டுக்கொண்டு போவார்.

போன ஐப்பசியில் ஒரு சாயங்காலம், போனை நோண்டிக்கொண்டிருந்தவர் திடீரென்று எழுந்து நின்றுவிட்டார். யாரோ பழைய டேப்பில் பதிந்து வைத்திருந்த சங்கு மங்குவை இன்டர்நெட்டில் ஏற்றியிருக்கிறார்கள், அதே சோற்றுக் கதை. அவசர அவசரமாக டி.வி.யில் போட்டார். பாட்டு வந்தது, ரெண்டு செம்பட்டைத் தலைகளும் வந்தன, நிறுத்திவிட்டார்.

"வேணாம் செல்வி. அவன் இல்லாம எப்படி?"

அவ்வளவுதான், வெளியே போய் ஜீப்பைத் துடைக்க ஆரம்பித்துவிட்டார். துடைத்த ஜீப்பைத்தான் மறுபடியும் துடைத்தார்.

மறுநாள் நல்ல மழை. இருட்டோடு இட்லியைத் தின்றுவிட்டு, கூலிக்குப் போகிற பெண்களை ஏற்றிக்கொண்டு போடிமெட்டுப் பாதையில் அவர் கிளம்பிவிட்டார். மகள் பள்ளிக்கூடம் போய்விட்டாள். நான் ஒரு ஏலக்காய்க் கடையில் காய் பொறுக்குகிற வேலை பார்க்கிறேன், அடைமழை என்றால் காய் ஈரத்தை இழுத்துக்கொள்ளும், மூட்டையைப் பிரிக்க மாட்டார்கள். அதனால் அன்றைக்கு வேலை இல்லை. துணியை மடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். டி.வி.யைப் போட்டால் முந்தின நாள் அவர் நிறுத்தின இடத்தில் அப்படியே நிற்கிறது. ஒப்பந்தம் அவர்களுக்குள்தானே, எனக்கு என்ன வந்தது, யார் கட்சி ஜெயிக்கிறது என்று பார்த்துவிடுவோம் என்று ஓட விட்டேன்.

கொஞ்ச நேரத்தில் வாசலில் அவர் நிற்கிறார். பிளாஸ்டிக் தாளைத் தலையில் போட்டு, குரங்குக் குல்லா, மெரூன் ஸ்வெட்டர். மண் சரிந்து பாதை அடைத்துக்கொண்டால் இப்படித் திரும்பி வருவது வழக்கம்தான், அதனால் எனக்கு ஒன்றும் தோன்றவில்லை.

"ரோடு அடைச்சிருச்சாக்கும்?" என்றேன்.

"ம்."

"ஜீப்பு எங்க?"

"மேல நிக்கிது."

வழக்கமான நாற்காலியில் உட்காராமல் கதவை ஒட்டித் தரையில் உட்கார்ந்தார். டி.வி.யைப் பார்த்துச் சிரித்தார். நேற்று என்னமோ பெரிய சத்தியம் பண்ணினாரே, இப்போது என்ன இந்தச் சிரிப்பு என்று நினைத்தேன். மனசு மாறியிருக்கும், நல்லதுதானே என்று விட்டுவிட்டேன். முகம் கொஞ்சம் இளைத்த மாதிரி இருந்தது, குல்லாவில் அப்படித் தெரிகிறது என்று நானே சொல்லிக்கொண்டேன். ஏலக்காய்ப் புகை வாசனை வந்ததா என்று கேட்பீர்கள். போடியில் அந்த வாசனை வராத ஆள் யார்? ஒன்று மட்டும் அப்போதே கவனித்தேன். டி.வி.க்குள் இருக்கிற கூட்டம் சிரிப்பதற்குக் கொஞ்சம் முன்னாலேயே அவர் சிரித்துவிடுகிறார், ஒவ்வொரு தடவையும்.

சங்கு ரெண்டாவது தடவை சாப்பிட உட்காரும் இடம் வந்தது. அப்போது மெதுவாகக் கேட்டார்.

"சோறு இருக்கா?"

இந்த இடத்தைத்தான் நான் எத்தனை தடவை நினைத்துப் பார்த்திருப்பேன் என்று கணக்கே இல்லை. பானையில் முந்தின நாள் சோறு தண்ணீர் ஊற்றி இருந்தது. எழுந்து பிழிந்து வைத்து ஒரு ஊறுகாயை வைக்க எவ்வளவு நேரம்? வைத்திருக்கலாம். மழை நாளில் வேலையும் போய், துணியும் காயாமல், எரிச்சலில் இருந்த என் வாயில் என்ன வந்தது தெரியுமா?

"காலையில தின்னுட்டுத்தான போனீங்க, வகுறா தாழியா? இன்னும் ஒலையே வைக்கல."

என் மாமியார் வார்த்தை. அந்த அம்மாளை ஆயிரம் தடவை கேலி பேசியவள் நான்.

டி.வி.யில் மங்கு சமையல்கட்டு வாசலுக்கு வந்தான். அந்த நேரம் பார்த்து மலைப்பக்கம் ஒரு இடி இடித்தது, வீடே அதிர்ந்தது. எங்கள் வீட்டில் ஏற்கெனவே ஒரு டி.வி. இடியில் வெந்து போயிருக்கிறது, அதிலிருந்து வானம் உறுமினாலே ஒயரைப் பிடுங்கிவிடுவேன், கை அதுவாகவே போகும். போனேன், பிடுங்கினேன். அம்மாக்காரி அப்போதுதான் திரும்பிக்கொண்டிருந்தாள்.

"இன்னுங் கொஞ்சந்தான... இருந்துட்டு நிப்பாட்டலாமே" என்றார்.

"போன டி.வி. வெந்தது மறந்து போச்சா?"

அவர் எழுந்தார். பிளாஸ்டிக் தாளை எடுத்துத் தலையில் போட்டுக்கொண்டார். பின்வாசல் பக்கம் ஓட்டில் ஒழுகுகிற சத்தம் கேட்டு நான் வாளியை எடுத்துக்கொண்டு போகிறேன், என் முதுகுக்குப் பின்னால் சொன்னார்.

"வகுறு நெறஞ்சுதான் இருக்கு. வர்றேன் மதினி."

நம்பினால் நம்புங்கள், "வெரசா வாங்க" என்று பதில் சொன்னேன். சொல்லிவிட்டு வாளியை வைத்தேன். அந்தச் சொல் என் காதில் விழுந்தது, மண்டைக்குள் போகவில்லை. திரும்பி வந்து, ஈரத்தோடு உட்கார்ந்தாரே என்று அந்த இடத்தைத் துடைக்கக் குனிந்தேன். துடைக்க ஒன்றுமே இல்லை, தரை காய்ந்து கிடந்தது. அப்போதும் துணியை ஓரமாகப் போட்டுவிட்டு உலை வைக்கத்தான் போனேன்.

பொழுது சாய்கிற நேரத்தில் ஜீப்பு வந்து நின்றது. சக்கரமெல்லாம் செம்மண். கூலிக்குப் போன பெண்கள் நடுங்கிக்கொண்டு இறங்குகிறார்கள்.

"வெரசா வாங்கன்னு சொன்னா இப்பத்தான் வர்றீங்க. மறுபடி எதுக்கு மேல போனீங்க?" என்று ஆரம்பித்தேன்.

"என்ன மறுபடி? காலையில போனவன் இப்பத்தான இறங்குறேன். மண்ணு சரிஞ்சு அங்கனயே கெடந்தோம். போன்ல டவர் இல்ல, வகுத்துக்கு ஒண்ணுமில்ல. வேணும்னா இந்த ஆத்தாவக் கேளு."

பின்னால் இறங்கின வயசான அம்மாள், "ஆமா தாயி, ஜீப்ப விட்டு இறங்க முடியல, அப்பிடி மழை. உம் புருசன்தான் எங்களுக்குத் தார்ப்பாயைப் பிடிச்சுக்கிட்டு நின்னாப்ல" என்றார்.

அப்போதுதான் அந்த "மதினி" மண்டைக்குள் போனது. கட்டின மனுஷன் என்னை மதினி என்று கூப்பிட என்ன இருக்கிறது? என்னை மதினி என்று சொல்ல உலகத்தில் ஒரே ஒரு ஆள்தான் இருந்தான்.

அவரிடம் சொன்னேன். மறைக்க எனக்குத் தெம்பு இல்லை. ஸ்வெட்டர், குல்லா, கதவோரம் உட்கார்ந்தது, முந்தி முந்திச் சிரித்தது, மதினி என்றது எல்லாம் சொன்னேன். பயந்து போவார், இல்லை கிறுக்கா உனக்கு என்று திட்டுவார் என்று நினைத்தேன். ரெண்டும் இல்லை. ஈரச் சட்டையோடு என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். கண் கலங்கியது. ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

"சாப்பிட்டானா?"

நீங்களாக இருந்தால் என்ன சொல்லியிருப்பீர்கள்? நான் சொன்னேன், "சாப்பிட்டான்."

"என்ன போட்ட?"

"ரசமும் அப்பளமும்."

அந்த மனுஷன் அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதார். சந்தோஷத்தில் அழுதார், அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. கையைக் கழுவிவிட்டு வந்து வயிறாரச் சாப்பிட்டார். எதிரே நின்று பரிமாறினேன். ஒரு வாய்ச் சோறு எனக்கு இறங்கவில்லை.

நல்ல வெயில் அடித்த ஒரு நாளில், வீட்டில் யாரும் இல்லாதபோது, நிறுத்தின இடத்திலிருந்து அந்தப் படத்தைப் பார்த்தேன். எதற்குப் பார்த்தாய் என்று கேட்காதீர்கள். பார்க்காமல் இருந்திருக்கலாம். அம்மாக்காரி திரும்புகிறாள். பாத்திரமெல்லாம் கழுவிக் கவிழ்த்தாகிவிட்டது, அவள் முகம் களைத்துக் கிடக்கிறது. "மங்கு, நீ சாப்பிட்டியா?" என்று கேட்கிறாள். மங்கு கவிழ்த்த பாத்திரத்தைப் பார்க்கிறான், அவள் முகத்தைப் பார்க்கிறான். "வயிறு நெறஞ்சுதாம்மா இருக்கு" என்கிறான். அந்தக் கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கிறது. படம் முடிந்துவிட்டது.

ரெண்டு கட்சியும் தோற்றுப்போனது. சங்குவும் கொண்டுவந்து தரவில்லை, அம்மாவும் கண்டுபிடிக்கவில்லை. ஆனால் எனக்குப் பெரிசாகப் பட்டது அது இல்லை. நான் ஒயரைப் பிடுங்கின இடத்துக்கு அப்புறம் வருகிற பேச்சு அது. அண்ணன் தம்பி யாருமே பார்க்காத இடம். அதைத்தான் லச்சு என் வாசலில் நின்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறான். எப்படி என்று எனக்குத் தெரியாது, உங்களுக்குத் தெரிந்தால் சொல்லுங்கள். பசித்து வந்தவன் என் மனசு நோகக் கூடாது என்று வயிறு நிறைந்திருக்கிறது என்று சொன்னான் பாருங்கள், ஒரு வார்த்தை என்னைத் திட்டியிருந்தால்கூட இவ்வளவு வலிக்காது.

இவர் இன்னும் எப்போதாவது கேட்பார், "அன்னைக்கு என்ன கொழம்புன்னு சொன்ன?" ஒரு தடவை ரசம் என்று சொல்லாமல் வாய் தவறிப் புளிக்குழம்பு என்றுவிட்டேன். என்னை ஒரு பார்வை பார்த்தார். அப்புறம் அவர் கேட்பதில்லை.

அதிலிருந்து மழை நாளில் விடிந்ததும் உலை வைத்துவிடுவேன். யார் வந்தாலும் ரோடு என்ன ஆச்சு, ஜீப்பு எங்கே என்று எதுவும் கேட்பதில்லை. முன்பெல்லாம் கையைப் பார்த்துவிட்டுத்தானே முகத்தைப் பார்ப்பேன், இப்போது கையையும் பார்ப்பதில்லை, முதலில் தட்டை வைத்துவிடுகிறேன்.

இந்த வருஷம் ஆடிச் சாரலில், போன மாசம், ஒரு நாள் அப்படித்தான். மூட்டை பிரிக்காத நாள். வாசலில் மெரூன் ஸ்வெட்டர் வந்து நின்றது. குல்லா, பிளாஸ்டிக் தாள். நான் வாயைத் திறக்கவில்லை. தட்டை வைத்து, சோற்றைப் போட்டு, ரசத்தை ஊற்றி, அப்பளத்தை வைத்தேன். கதவோரத்தில் உட்கார்ந்து நிதானமாகச் சாப்பிட்டார். மறுசோறு கேட்கவில்லை, நானாகப் போட்டேன், அதையும் சாப்பிட்டார். ஸ்வெட்டர் கை மணிக்கட்டு வரைக்கும் இழுத்து விட்டிருந்தது. கொஞ்சம் ஏற்றிவிடுங்கள் என்று சொல்லியிருந்தால் தெரிந்திருக்கும். சொல்லவில்லை. கை கழுவினார், "வர்றேன்" என்றார். அவ்வளவுதான். செல்வி என்றும் சொல்லவில்லை, மதினி என்றும் சொல்லவில்லை.

சாயங்காலம் இவர் ஜீப்போடு வந்தார். தட்டை வைத்தேன், ரெண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டார். அதை வைத்து ஒன்றும் சொல்ல முடியாது, இவர் எப்போதும் சாப்பிடுகிறவர்தான். மத்தியானம் வந்தது நீங்கள்தானா என்று ஒரு வார்த்தை கேட்டால் முடிந்துவிடும். நாக்கு நுனி வரைக்கும் வந்தது, விழுங்கிவிட்டேன். இன்று வரைக்கும் கேட்கவில்லை. ஆமாம், நான்தான் என்று அவர் சொல்லிவிட்டால் என்ன செய்வது?